உதவி பெறும் பள்ளியில் நியமன ஒப்புதல் இழுபட்டால்: வழக்கு எதில் நிற்கும், எதில் விழும்

நீங்கள் கேட்டதை முதலில் ஒருமுறை திருப்பிச் சொல்லிவிடுகிறேன். தென் மாவட்டம் ஒன்றில் அரசு உதவி பெறும் சிறுபான்மைப் பள்ளி. ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியரின் இடத்தில் 2019 ஜூனில் பட்டதாரி ஆசிரியராகச் சேர்ந்தீர்கள். டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) தேர்ச்சி இல்லை. பள்ளி அனுப்பிய நியமன ஒப்புதல் கருத்துரு (ஒப்புதல் கேட்கும் முன்மொழிவு) ஒருமுறை சான்றிதழ்களின் உண்மைத்தன்மை கேட்டுத் திரும்பியது. அடுத்த முறை 'உபரி ஆசிரியர்கள் இருக்கிறார்கள்', அதாவது தேவைக்கு மேல் ஆட்கள் இருக்கிறார்கள், என்று திரும்பியது. நிர்வாகம் தன் கையிலிருந்து ஏதோ ஒரு தொகை தருகிறது. ரிட் (அரசின் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டால் எத்தனை மாதத்தில் ஒப்புதல் வரும், நிலுவை முழுவதும் கிடைக்குமா, நிர்வாகம் பொறுக்கச் சொல்லும்போது நானே வழக்குப் போடலாமா என்று கேட்கிறீர்கள்.

மூன்று கேள்விக்கும் அடியில் இருப்பது ஒரே கேள்விதான்: இத்தனை வருஷம் பாடம் நடத்தியது கணக்கில் வருமா? உங்கள் தகுதியும் உழைப்பும் இதில் இரண்டாம் பட்சம். நீங்கள் சேர்ந்த தேதியில் அந்தப் பணியிடம் அரசின் கணக்கில் இருந்ததா என்பதுதான் முதலில் பார்க்கப்படும். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் பணி சார்ந்த வழக்குகளைப் பல ஆண்டுகளாக நடத்தி வருகிறேன். ஒப்புதல் வழக்குகளில் வென்றவர்களில் பெரும்பாலோர் பணியிடத்தைக் காகிதத்தில் காட்டி வென்றவர்கள். 'இத்தனை ஆண்டு சம்பளமில்லாமல் உழைத்தேன்' என்பதை மட்டும் சொன்னவர்களுக்கு நீதிபதியின் இரக்கம் கிடைத்தது, ஆணை கிடைக்கவில்லை.

ஒப்புதல் என்றால் என்ன என்பதில் பலருக்குக் குழப்பம் உண்டு. உதவி பெறும் பள்ளியில் உங்களை நியமிப்பது நிர்வாகம். கல்வி அலுவலர் தருவது, 'இந்த நியமனத்துக்கு மானியத்திலிருந்து சம்பளம் தரலாம்' என்ற ஏற்பு. ஆகவே ஒப்புதல் வராததால் நியமனமே செல்லாது என்று ஆகிவிடாது. ஆனால் ஒப்புதல் இல்லாமல் அரசுச் சம்பளமும் வராது. உங்கள் நியமனத்தை ஆள்வது தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (முறைப்படுத்தல்) சட்டம் 1973, அதன் கீழ் வந்த 1974ஆம் ஆண்டு விதிகள். 2018ஆம் ஆண்டின் புதிய தனியார் பள்ளிகள் சட்டம் 2023இல்தான் நடைமுறைக்கு வந்தது. பழைய கோப்புக்குப் புதிய விதியைப் போட்டுத் திருப்பும் பழக்கம் சில அலுவலகங்களில் இருக்கிறது. அப்படி வந்தால் நியமனத் தேதியைச் சுட்டிக்காட்டுங்கள். வாதத்தில் எளிதாக வெல்லக்கூடிய இடம் அது.

சிறுபான்மைப் பள்ளி என்பதால் உங்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. அரசியலமைப்பின் 30(1) பிரிவு நிர்வாகத்துக்கு ஆளைத் தேர்ந்தெடுக்கும் உரிமையைத் தருகிறது. கல்வித் தகுதி என்ன என்று அரசு சொல்லலாம், அந்தத் தகுதி உடையவர்களில் யாரை எடுப்பது என்பது நிர்வாகத்தின் முடிவு. சிறுபான்மை அல்லாத பள்ளி என்றால் கதை வேறு. 1974 விதிகளின் 15(4)ஆம் விதிப்படி முதலில் அதே பள்ளியில் தகுதியுள்ளவருக்குப் பதவி உயர்வு தரப் பார்க்க வேண்டும், அப்புறம்தான் வெளியாளும் நேரடி நியமனமும். நேரடி நியமனத்துக்கு முன் அனுமதியும் வாங்க வேண்டும். இந்த வரிசையை மீறிய நியமனத்தை நீதிமன்றத்தில் தூக்கி நிறுத்துவது கடினம். உங்கள் கேள்வியைப் படிக்கும் மற்றவர்கள் தங்கள் பள்ளி எந்த வகை என்று பார்த்துக்கொண்டு மேலே படியுங்கள். அதே சமயம், சிறுபான்மை என்ற சொல் எல்லாக் கதவையும் திறந்துவிடாது. மானியம் பெறுவது அடிப்படை உரிமை அல்ல, அரசு அதற்கு நிபந்தனை விதிக்கலாம், இதில் சிறுபான்மை நிறுவனம், மற்ற நிறுவனம் என்ற வேறுபாடு கிடையாது என்று உச்ச நீதிமன்றம் 2021இல் உத்தரப் பிரதேசத்தின் அபய் நந்தன் இண்டர் கல்லூரி வழக்கில் சொல்லியிருக்கிறது. அரசு வழக்கறிஞர்கள் இப்போது இதைக் கையில் வைத்துக்கொண்டுதான் எழுந்து நிற்கிறார்கள்.

இப்போது பணியிடத்துக்கு வருவோம். ஒவ்வோர் ஆண்டும் ஆகஸ்ட் 1ஆம் தேதி மாணவர் எண்ணிக்கையை வைத்துப் பணியிட நிர்ணயம், அதாவது பள்ளிக்கு எத்தனை ஆசிரியர் இடம் என்ற கணக்கு, நடக்கிறது. 1997 டிசம்பரில் வந்த அரசாணை 525 இதற்கு நெடுநாள் அடிப்படை. 2010 ஏப்ரலில் கல்வி உரிமைச் சட்டம் நடைமுறைக்கு வந்தபின் 6 முதல் 8 வகுப்புகளுக்கு 35 பேருக்கு ஓர் ஆசிரியர் என்ற அளவும் சேர்ந்துகொண்டது. நீங்கள் சேர்ந்தது 2019 ஜூன். அந்தத் தேதியில் கையில் இருந்திருக்கக்கூடிய நிர்ணய ஆணை 2018 ஆகஸ்ட் 1 எண்ணிக்கையை வைத்துப் போட்டது. அதில் ஆங்கிலப் பட்டதாரி ஆசிரியர் பணியிடம் அனுமதிக்கப்பட்டிருந்ததா? உங்களுக்கு முன் இருந்தவர் அதே பணியிடத்தில்தான் சம்பளம் வாங்கினாரா? இரண்டுக்கும் 'ஆம்' என்றால் பாதி வழக்கு முடிந்தது.

அலுவலகம் பெரும்பாலும் செய்வது என்னவென்றால், கருத்துருவை இரண்டு வருஷம் மேசையில் வைத்திருந்துவிட்டு, அந்த இரண்டு வருஷத்தில் மாணவர் எண்ணிக்கை குறைந்ததும் புதிய நிர்ணயத்தைக் காட்டி 'பணியிடம் இல்லை' என்று எழுதுவது. தன் தாமதத்தின் பலனைத் தானே எடுத்துக்கொள்வது என்று இதை நீதிமன்றத்தில் சொல்லலாம், எடுபடும். பிற்பாடு எண்ணிக்கை குறைந்தது உண்மையாகவே இருக்கலாம். அப்படியானால் நீங்கள் ஒப்புதல் பெற்ற ஆசிரியர், பிறகு உபரியானவர், வேறு பள்ளிக்குப் பணிநிரவல் செய்யப்பட வேண்டியவர். பின்னால் வந்த உபரி நிலை, முன்னால் நடந்த நியமனத்துக்கு ஒப்புதல் மறுக்கக் காரணம் ஆகாது. இந்த இரண்டையும் பிரித்துச் சொல்லாத மனுக்களைப் பார்த்திருக்கிறேன், அவை தேவையில்லாமல் சிக்கலாகிவிடுகின்றன.

கவனிக்க வேண்டிய இன்னொரு விஷயம், 'ஆசிரியரின்றி உபரி' என்ற பட்டியல். ஒருவர் ஓய்வுபெற்றதும் அந்த இடம் தேவையில்லை என்று கணக்கிட்டு, இயக்குநரின் பொதுத் தொகுப்புக்குச் சரண் செய்திருப்பார்கள், அதாவது திருப்பிக் கொடுத்திருப்பார்கள். நிர்வாகத்துக்கு இதைப் பற்றித் தெரியாமலேகூட இருக்கலாம், அல்லது தெரிந்தே ஆளை எடுத்திருக்கலாம். உங்களுக்கு முன்னவர் ஓய்வுபெற்ற தேதிக்கும் நீங்கள் சேர்ந்த தேதிக்கும் நடுவில் அப்படி ஒரு சரண் நடந்திருந்தால், உங்கள் வழக்கு உண்மையிலேயே பலவீனம். அந்தச் சரண் ஆணையையே எதிர்த்தாக வேண்டும், அதை நிர்வாகம்தான் செய்ய முடியும். ஆகவே வக்கீலைப் பார்ப்பதற்கு முன் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். 2017-18 முதல் இன்றுவரை உங்கள் பள்ளியின் பணியிட நிர்ணய ஆணைகள், பாடவாரிப் பணியிட விவரம், சரண் செய்த செயல்முறை ஆணைகள் ஏதும் இருந்தால் அதன் நகல், உங்கள் கருத்துரு எந்தத் தேதியில் பதிவாகி எங்கெங்கு போனது என்ற குறிப்பு. 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் முதல் மேல்முறையீடு. இந்தக் காகிதங்கள் கையில் இல்லாமல் போடும் ரிட், விலாசம் எழுதாமல் தபால் பெட்டியில் போடும் கடிதம்.

'உபரி' என்ற காரணத்துக்கு வருகிறேன், ஏனென்றால் உங்களுடைய கருத்துரு திரும்பியது அதனால்தான். யார் உபரி என்று முதலில் கேளுங்கள். உங்கள் பள்ளியிலேயே ஆங்கிலத்துக்கு ஒருவர் அதிகமாக இருந்தால் அலுவலர் சொல்வது சரி. அதே நிர்வாகம் நடத்தும் வேறு பள்ளியில் உபரி இருக்கிறார் என்றால், நிர்வாகத்தின் பள்ளிகளை எல்லாம் ஓர் அலகாகப் பார்த்து உபரி ஆளை முதலில் மாற்றிக்கொள்ள வேண்டும் என்பது அரசுத் தரப்பின் பலமான வாதம். இதை நீதிமன்றம் ஏற்ற சந்தர்ப்பங்கள் உண்டு. ஆனால் அந்த உபரி ஆசிரியர் உங்கள் பாடத்துக்காரரா, உங்கள் நியமனத் தேதியில் உபரியாக இருந்தாரா என்பதைக் காட்டும் பொறுப்பு அவர்களுக்கு இருக்கிறது. கணக்கு ஆசிரியர் உபரியாக இருக்கிறார் என்பதற்காக ஆங்கிலப் பணியிடத்தை முடக்க முடியாது. மூன்றாவது வகை, சம்பந்தமே இல்லாத வேறு நிர்வாகத்தின் பள்ளியில் உபரி. சிறுபான்மைப் பள்ளியின் மேல் அந்த ஆளைத் திணிக்க நினைத்தால் 30(1) குறுக்கே நிற்கும். இதில் எனக்குப் பெரிய சந்தேகம் இல்லை. உங்களுக்கு வந்த குறிப்பில் வெறுமனே 'உபரி ஆசிரியர்கள் உள்ளதால்' என்று மட்டும் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். எந்தப் பள்ளி, எந்தப் பாடம், எந்தத் தேதி என்று எதுவும் இல்லாவிட்டால் அது உங்களுக்குச் சாதகமே. ஓர் ஆணை அதில் எழுதியிருக்கும் காரணத்தால்தான் நிற்க வேண்டும், பின்னால் பதில் மனுவில் புதுக் காரணம் சேர்க்க முடியாது என்பது 1977இல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த விதி. இந்த வழக்குகளில் தினமும் பயன்படுகிறது.

டெட் விஷயம் இதைவிடச் சிக்கல். தமிழ்நாட்டில் 2011 நவம்பரின் அரசாணை 181க்குப் பிறகு 1 முதல் 8 வகுப்பு வரை நடத்தும் ஆசிரியர் நியமனத்துக்கு டெட் கட்டாயம். சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டம் பொருந்தாது என்று 2014 மே மாதம் பிரமாதி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதால், சிறுபான்மைப் பள்ளி ஆசிரியர்களிடம் டெட் கேட்க முடியாது என்ற நிலை இருந்துவந்தது. 2025 செப்டம்பர் 1ஆம் தேதி இரண்டு நீதிபதிகள் அமர்வு, பிரமாதி தீர்ப்பு சரிதானா என்று ஐயம் எழுப்பி, பெரிய அமர்வு பார்க்க வேண்டும் என்று தலைமை நீதிபதிக்கு அனுப்பியது. மற்ற பள்ளிகளில், கல்வி உரிமைச் சட்டத்துக்கு முன் சேர்ந்து, ஓய்வுக்கு 5 ஆண்டுக்கு மேல் உள்ளவர்கள் 2 ஆண்டுக்குள் தேற வேண்டும் என்றும் சொன்னது. சிறுபான்மைப் பள்ளிகளின் மேல் அந்தக் கட்டளையை உடனே போடவில்லை. ஆக, பெரிய அமர்வு வேறு மாதிரி சொல்லும்வரை பிரமாதிதான் சட்டம், உங்கள் கருத்துருவை டெட் காரணம் காட்டி மறுக்க முடியாது என்பது என் வாதமாக இருக்கும். நாளைக்கும் இது நிற்கும் என்று உத்தரவாதம் தர மாட்டேன். நீங்கள் என் வீட்டுப் பிள்ளையாக இருந்தால், வழக்கு ஒரு பக்கம் நடக்கட்டும், அடுத்து வரும் டெட் இரண்டாம் தாளை எழுதிவிடு என்றுதான் சொல்வேன். சான்றிதழ் இப்போது ஆயுள் முழுவதும் செல்லும். வீணாகாது.

சரி, எத்தனை மாதம்? நேரான பதில், மாதக் கணக்கில் யோசிக்காதீர்கள். நடைமுறையில் இது சுற்றுச் சுற்றாகப் போகும். முதல் சுற்றில் கருத்துரு நிலுவையில் இருக்கிறது என்று மனு போட்டால், 'எட்டு வாரத்தில் பரிசீலித்து முடிவெடுங்கள்', 'பன்னிரண்டு வாரத்தில் ஆணை போடுங்கள்' என்று தொடக்க விசாரணையிலேயே உத்தரவு வந்துவிடும். கட்சிக்காரர் ஜெயித்துவிட்டதாக நினைத்து இனிப்பு வாங்கிக் கொடுப்பார். அது வெற்றி இல்லை. நீதிமன்றம் உங்கள் பக்கம் நியாயம் என்று சொல்லவே இல்லை, முடிவெடு என்று மட்டும்தான் சொன்னது. அலுவலர் முடிவெடுப்பார், பெரும்பாலும் நிராகரிப்பார். அதை ரத்து செய்து ஒப்புதல் தரச் சொல்லும் மனு இரண்டாம் சுற்று. உண்மையான விசாரணை அங்கேதான். அதில் ஜெயித்தால் அரசு ரிட் மேல்முறையீடு போடும், சில சமயம் காலம் கடந்தும் போடும். மேல்முறையீடும் தள்ளுபடியான பிறகு ஆணை நிறைவேறவில்லை என்றால் அவமதிப்பு மனு. அவமதிப்புக்கு ஓராண்டு காலவரம்பு உண்டு என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அலுவலகத்துக்கு நினைவூட்டுக் கடிதம் எழுதிக்கொண்டே அந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் இருக்கிறார்கள்.

இதனால்தான், கையில் எழுத்துபூர்வமான திருப்பும் குறிப்பு இருக்கும்போது 'பரிசீலிக்கச் சொல்லுங்கள்' என்ற முதல் சுற்றை விட்டுவிட்டு, அந்தக் குறிப்பையே நிராகரிப்பாகக் கொண்டு நேராக இரண்டாம் சுற்றுக்குப் போகலாம் என்பது என் கருத்து. எல்லா வக்கீல்களும் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள். சுலபமாகக் கிடைக்கும் உத்தரவை ஏன் விட வேண்டும் என்பார்கள். அவர்கள் சொல்வதிலும் நியாயம் உண்டு, குறிப்பு வாய்மொழியாகவோ பென்சிலிலோ இருந்தால் முதல் சுற்று தவிர்க்க முடியாதது. காலதாமதம் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். ஆறிப்போன கோரிக்கைக்கு, 'பரிசீலி' என்ற உத்தரவும் அதன்பின் வரும் நிராகரிப்பும் புது உயிர் கொடுத்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் 2008இல் சொல்லியிருக்கிறது. நீங்கள் இன்னும் அதே பள்ளியில் வேலை பார்த்துக்கொண்டிருப்பதால் உங்கள் உரிமை ஆறிப்போனது என்று சொல்வது அரசுத் தரப்புக்கு எளிதில்லை. ஆனால் ஒவ்வோர் ஆண்டு பொறுப்பதும் அவர்கள் கைக்கு இன்னொரு வாதத்தைக் கொடுக்கிறது.

நிலுவைக்கு வருவோம். நியமனம் சரி என்று ஆகிவிட்டால் ஒப்புதல் சேர்ந்த நாளிலிருந்தே வர வேண்டும், ஆணை போட்ட நாளிலிருந்து அல்ல. இது பொதுவாக ஏற்கப்பட்ட நிலை. தேதி வெறும் சம்பளக் கணக்கு மட்டும் இல்லை. 2003 ஏப்ரல் 1க்கு முன் சேர்ந்து, ஒப்புதல் அதற்குப் பின் வந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியமா, பங்களிப்பு ஓய்வூதியமா என்பதே இந்தத் தேதியில் தொங்கியது. உங்களுக்கு அந்தப் பிரச்சினை இல்லை, ஆனால் பணிமூப்பும் ஆண்டு ஊதிய உயர்வும் தேர்வு நிலையும் (குறிப்பிட்ட ஆண்டுப் பணிக்குப் பின் வரும் உயர் ஊதிய நிலை) இதில்தான் இருக்கின்றன. பணமாக முழுவதும் கிடைக்குமா என்பதில்தான் நிச்சயமில்லை. முழு நிலுவை தந்த தீர்ப்புகளும் உண்டு, தேதியை ஏற்றுக்கொண்டு பணப்பலனைக் குறைத்த தீர்ப்புகளும் உண்டு. தாமதமாக நீதிமன்றம் வருபவர்களுக்கு நிலுவையை மனு போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டோடு நிறுத்தலாம் என்ற கொள்கையை 2008இல் ஒரு ராணுவ ஓய்வூதிய வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்தது. அது உங்கள் வழக்கிலும் எடுத்து வைக்கப்படும் என்று எதிர்பாருங்கள். பொறுங்கள் என்று நிர்வாகம் சொல்வதைக் கேட்டுப் பொறுத்தால் யாருடைய பணம் கரைகிறது என்று இதை வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள். நிலுவைக்கு வட்டி அபூர்வம், எதிர்பார்க்க வேண்டாம். மொத்தமாக ஒரே ஆண்டில் வந்தால் வருமான வரியில் அதற்கென்று நிவாரணம் இருக்கிறது, ஆடிட்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

நிலுவை கேட்பவர் வேலை பார்த்ததை நிரூபிக்க வேண்டும். நிர்வாகத்தோடு உறவு நன்றாக இருக்கும்போதே வருகைப் பதிவேட்டின் பக்கங்களை நகல் எடுத்து வையுங்கள். நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, எமிஸ் (கல்வித் துறையின் இணையத் தகவல் தளம்) பதிவு, தேர்வுப் பணி ஆணை, தேர்தல் பணிக்குப் போட்டிருந்தால் அந்த ஆணை எல்லாம் சேர்த்து வையுங்கள். தேர்தல் பணிக்கு அரசே அழைத்த ஒருவரைப் பார்த்து 'இவர் யாரென்றே எங்களுக்குத் தெரியாது' என்று அரசு சொல்லும்போது நீதிமன்றத்தில் ஒரு சிரிப்பு எழும், அது உங்களுக்கு உதவும்.

கடைசியாக, நீங்களே போடலாமா? போடலாம். ஒப்புதல் மறுக்கப்பட்டதால் நேரடியாகப் பாதிக்கப்படுபவர் நீங்கள், ஆகவே மனு போடும் தகுதி உங்களுக்கு உண்டு. நிர்வாகத்தை எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். தாளாளரே மனு போட்டால் வசதி கூடுதல், ஏனென்றால் பள்ளிக் கோப்புகள் அவரிடம் இருக்கின்றன, 30(1) உரிமையும் நிர்வாகத்துடையது. அவர் போடத் தயங்கினால் ஏன் என்று விசாரியுங்கள். தாளாளர் பதவிக்கே தகராறு இருந்து, அவரை அலுவலகம் அங்கீகரிக்காமல் வைத்திருக்கலாம். அப்படியானால் கருத்துரு நகராததன் உண்மையான காரணம் அதுவாகவும் இருக்கலாம், 'உபரி' என்பது வெளியே சொல்லும் காரணம். அதைத் தெரிந்துகொள்ளாமல் வழக்குப் போட்டால் பதில் மனுவில்தான் முதன்முதலாகப் படிப்பீர்கள். உங்கள் காகிதங்களை நான் பார்க்கவில்லை, ஆகவே இதில் எது உங்கள் பள்ளிக்குப் பொருந்தும் என்று இங்கிருந்து சொல்ல முடியாது.

இன்னொன்று. ஒப்புதல் கிடைக்கும் நேரத்தில் 'நிலுவை கோர மாட்டேன்' என்றோ, தேதி போடாத ராஜினாமாக் கடிதமாகவோ எழுதிக் கேட்பது சில இடங்களில் நடக்கிறது. அந்த நேரத்தில் எதிலும் கையெழுத்துப் போடத் தோன்றும். போடாதீர்கள். ஏற்கெனவே போட்டுவிட்டிருந்தால், எந்தத் தேதியில், யார் கேட்டு, எந்தச் சூழலில் போட்டீர்கள் என்பதை இப்போதே எழுதி, பதிவுத் தபாலில் நிர்வாகத்துக்கும் மாவட்டக் கல்வி அலுவலருக்கும் அனுப்பி, தபால் ரசீதை உங்கள் வக்கீலிடம் கொடுத்து வையுங்கள்.